பழைய தேதி போட்டுத் தர முடியுமா?

அக்கா மகன் பத்தாவது படிக்கிறான். போன ஞாயிற்றுக்கிழமை டி.வி.யில் 'இன்று நேற்று நாளை' படத்தை மறுபடி போட்டார்கள். 2015-ல் வந்த படம். டைம் மெஷின் வைத்துக்கொண்டு பின்னால் போவதும் முன்னால் வருவதுமாக ஓடும். பாதிப் படத்தில் பையன் என் பக்கம் திரும்பினான்.

"மாமா, வயல்ல நடந்துட்டு வந்தா கால்ல சேறு ஒட்டுது. இவன் போன வருஷத்துக்கே போயிட்டு வந்திருக்கான். ஒண்ணுமே ஒட்டாதா?"

"ஒட்டும்னுதான் நினைக்கிறேன்."

"அப்ப அதைச் சுரண்டி எடுத்து டெஸ்ட் பண்றதுக்கு ஒரு சயின்ஸ் வேணும்ல? கால எச்சவியல்னு பேர் வைக்கலாம்."

எச்சம் என்றால் காக்கா போடுவது என்று மட்டும் நினைத்துச் சிரிக்க வேண்டாம். மிச்சம் என்றும் அர்த்தம். பையன் விளையாட்டாகச் சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த விஞ்ஞானம் எனக்குத் தெரியும். பி.காம். முடித்த கையோடு அதில் பிராக்டிகல் செய்தவன் நான். காலத்தைக் கையால் திருப்பி வைத்தால் என்ன ஒட்டும் என்பதை ஒரு வருமான வரி அதிகாரி என் கண் முன்னால் படித்துக் காட்டினார்.

அந்தக் கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். என் அழுக்கைக் காட்டாமல் அடுத்தவர் அழுக்கைப் பற்றிப் பேசினால் நன்றாக இருக்காது.

2001. மதுரையில் ஒரு ஆடிட்டர் ஆபீஸ். மாதம் 1,200 ரூபாய் சம்பளம், மத்தியான டீ இலவசம். ஒரு கட்சிக்காரர் சில்லறைச் செலவு என்று வருஷம் முழுக்கப் பெரிய தொகையாக எழுதிவிட்டார். வவுச்சர் ஒன்றுகூடக் கிடையாது. ஆட்டோ கூலி, சுமை கூலி, டீ, பூஜைச் செலவு என்று 12 மாதத்துக்கும் வவுச்சர் தயார் செய்ய வேண்டும். ஒரே ராத்திரி. சீனியர் எங்கள் முன்னால் பேனாக்களை வைத்தார். ரெனால்ட்ஸ் இரண்டு, கறுப்பு ஒன்று, இங்க் பேனா ஒன்று. "மாசத்துக்கு ஒரு பேனா மாத்திக்கங்கப்பா. ஒருத்தன் சாய்ச்சு எழுது, ஒருத்தன் நேரா எழுது" என்றார். நான் இடது கையாலும் எழுதினேன். சுமை தூக்குகிறவர்களுக்குக் கைநாட்டு. என் பத்து விரலும் தீர்ந்துபோனது. பதினோராவது ஆளுக்குக் கால் கட்டை விரலைக் கேட்டார். அதை மட்டும் மறுத்துவிட்டேன். எனக்கும் சுயமரியாதை என்று ஒன்று இருந்தது என்பதற்கு அது ஒன்றுதான் சாட்சி.

விடிகாலை 4 மணிக்கு ஒரு வருஷம் முடிந்தது. மேஸ்திரிகளும் ஆட்டோக்காரர்களும் ஏப்ரலிலிருந்து மார்ச் வரை எங்கள் மேஜை மேல் வாழ்ந்து முடித்திருந்தார்கள். டீ குடிக்கப் போனபோது சீனியர் பெருமையாகச் சொன்னார்: "கடவுளாலகூட முடியாதுடா. நாம 12 மாசத்தைப் படைச்சிருக்கோம்."

இரண்டு வருஷம் கழித்து அந்தக் கணக்கு விசாரணைக்கு வந்தது. கட்டுகளைத் தூக்கிக்கொண்டு போனது நான்தான். அதிகாரிக்கு ஓய்வு பெறுகிற வயது. ஒரு வவுச்சரை எடுத்தார். கண்ணாடியைக் கழற்றினார். படிக்கவில்லை. ஜன்னல் வெளிச்சத்துக்கு அதைச் சாய்த்துப் பிடித்தார். அப்புறம் விரலால் தடவினார்.

"தம்பி, இது ஏப்ரல் மாச வவுச்சர். ஆனா இது மேல டிசம்பர் 18-னு அழுந்தியிருக்கு. உங்க கட்சிக்காரருக்கு மட்டும் டிசம்பர் முதல்ல வந்திருச்சா?"

நடந்தது இதுதான். நாங்கள் வரிசையாக எழுதவில்லை. டிசம்பரை எழுதியவன் அதை ஒரு வெற்று வவுச்சர் மேல் வைத்து அழுத்தி எழுதியிருக்கிறான். அந்த வெற்று வவுச்சர் பிற்பாடு ஏப்ரல் ஆகிவிட்டது. நாலு பேனா மாற்றினோம், கை மாற்றினோம், விரல் மாற்றினோம். அடியில் இருந்த காகிதத்தை யாரும் நினைக்கவில்லை.

காகிதம் மேல் விழுந்த அந்த அழுத்தம்தான் எச்சம். முதலாளி வரியைக் கட்டினார். திட்டு எனக்கு விழுந்தது. பி.காம். முதல் வருஷத்தில் எங்கள் கணக்கு வாத்தியார் சொன்னது அன்றைக்குத்தான் ஏறியது. பேரேட்டில் தப்பாக எழுதினால் ரப்பரால் அழிக்காதே, மேலே ஒரு கோடு போட்டு, பக்கத்தில் சரியானதை எழுதி, சின்னக் கையெழுத்துப் போடு என்பார். தப்பு தெரியட்டும், திருத்தியதும் தெரியட்டும், திருத்தியவன் யார் என்பதும் தெரியட்டும். கணக்கு எழுதுகிறவனின் மானம் அந்தக் கோட்டில் இருக்கிறது.

ஜன்னல் வெளிச்சத்தில் அந்த அதிகாரி செய்ததையே செய்ய ஒரு மெஷின் இருக்கிறது. பெயர் எஸ்டா. 1970-களின் கடைசியில் இங்கிலாந்தில் உருவானது. சந்தேகமான காகிதத்தை ஓர் உலோகத் தட்டில் வைத்து, மேலே மெல்லிய பிளாஸ்டிக் படலத்தை மூடி, மின்னேற்றம் கொடுத்து, ஜெராக்ஸ் மெஷினில் போடுகிற மாதிரி கறுப்புப் பொடியைத் தூவுவார்கள். எங்கே எழுத்து அழுந்தியிருக்கிறதோ அங்கே பொடி போய் உட்காரும். மேலே இருந்த காகிதத்தில் என்ன எழுதினார்கள் என்று வாசிக்கலாம். மேல் காகிதம் எரிந்து சாம்பலாகியிருந்தாலும் பரவாயில்லை.

இந்த மெஷின் என்ன செய்தது என்று கேளுங்கள். 1974 நவம்பர் 21-ம் தேதி பர்மிங்காம் நகரத்தில் இரண்டு மதுக்கடைகளில் குண்டு வெடித்து 21 பேர் செத்தார்கள். வட அயர்லாந்தில் பிறந்த 6 பேரைப் பிடித்தது போலீஸ். அடுத்த வருஷமே ஆயுள் தண்டனை. விசாரணையின்போது அவர்கள் பேசப் பேசக் கூடவே எழுதிய குறிப்புகள் என்று போலீஸ் காட்டிய காகிதங்களும் சாட்சியங்களில் ஒன்று. 6 பேரும் கத்திக்கொண்டே இருந்தார்கள், அடித்து வாங்கிய வாக்குமூலம் என்று. 1988-ல் அப்பீலும் தள்ளுபடி. அப்புறம் அந்தக் காகிதங்களில் சிலவற்றின் மேல் கறுப்புப் பொடி தூவப்பட்டது. ஒரே சமயத்தில் வரிசையாக எழுதியவை என்று சொன்ன பக்கங்கள் அப்படி எழுதப்பட்டவை அல்ல என்று தெரிந்தது. அதே வட்டாரத்துப் போலீசின் தனிப்படை ஒன்று இதே மாதிரிப் புகார்களால் 1989-ல் கலைக்கப்பட்டது. 1991 மார்ச் 14-ம் தேதி 6 பேரும் வெளியே வந்தார்கள். உள்ளே போய் 16 வருஷம் ஆகியிருந்தது.

போலீஸ்காரர்கள் செய்தது என்ன? நாங்கள் அந்த ராத்திரி செய்ததேதான். எங்களுடையது சுமை கூலி. அவர்களுடையது 6 பேரின் ஆயுள்.

நம்ம ஊர் கோர்ட்டுகளுக்கு இது தெரியாத சமாச்சாரம் இல்லை. எஃப்.ஐ.ஆரில் நேரத்தை முன்னே தள்ளிப் போடுகிற பழக்கம் இருப்பதால்தான், நகல் தாமதமில்லாமல் மாஜிஸ்ட்ரேட்டுக்குப் போக வேண்டும் என்று சட்டம் வைத்திருக்கிறார்கள். அவர் எத்தனை மணிக்குக் கைக்கு வந்தது என்று குறித்துக் கையெழுத்துப் போடுவார். ஒருவரைக் கைது செய்தால் தேதி, நேரம் எழுதி, சாட்சி வைத்து, கைதானவரிடமும் கையெழுத்து வாங்க வேண்டும் என்று 1996-ல் டி.கே. பாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஏன் நேரத்துக்கு இவ்வளவு காவல்? நேரத்தைத் திருடுகிறவர்கள் யூனிஃபார்மிலும் இருக்கிறார்கள் என்று நீதிபதிகளுக்குத் தெரியும்.

ஆனால் திருடனும் விஞ்ஞானம் படிக்கிறான். எச்சம் விழாமல் பார்த்துக்கொள்ளக் கற்றுக்கொள்கிறான். 2020 ஜூன் 19-ம் தேதி சாத்தான்குளம் காவல் நிலையத்துக்கு ஒரு தந்தையும் மகனும் கொண்டுபோகப்பட்டார்கள். சில நாட்களில் இருவரும் உயிரோடு இல்லை. விசாரிக்கப் போன மாஜிஸ்ட்ரேட் உயர் நீதிமன்றத்துக்குக் கொடுத்த அறிக்கையில் ஒரு விஷயம் இருந்தது. ஸ்டேஷனின் சிசிடிவி ஹார்டு டிஸ்கில் 1 டெராபைட் இடம் இருந்தது. ஆனாலும் பதிவுகள் தினமும் தானாக அழிந்துபோகிற மாதிரி செட்டிங் வைத்திருந்தார்கள்.

இதைத் திரும்ப ஒரு தடவை படியுங்கள். இடம் இல்லாமல் அழியவில்லை. தினமும் அழியட்டும் என்று வைக்கப்பட்டிருந்தது. அந்த ஸ்டேஷனில் நேற்று என்று ஒன்று கிடையாது. அதே வருஷம் டிசம்பரில் உச்ச நீதிமன்றம், எல்லாக் காவல் நிலையங்களிலும் கேமரா வேண்டும், பதிவு 18 மாதம் இருக்க வேண்டும், முடியாவிட்டால் ஒரு வருஷமாவது இருக்க வேண்டும் என்றது. உத்தரவு நல்ல உத்தரவு. செட்டிங்கை மாற்றுகிற பட்டன் யார் கையில் இருக்கிறது என்பதுதான் என் கவலை.

பெரிய இடத்து விவகாரம் என்றால் இந்த விஞ்ஞானத்துக்கு எவ்வளவு மரியாதை கிடைக்கிறது பாருங்கள். 1983-ல் ஜெர்மனியின் 'ஸ்டெர்ன்' பத்திரிகை ஹிட்லரின் டைரிகள் என்று 90 லட்சம் மார்க்குக்கு மேல் கொடுத்து வாங்கியது. எழுதியவர் கோன்ராட் குயாவ் என்கிற கில்லாடி. பக்கங்கள் பழசாகத் தெரியட்டும் என்று டீயை ஊற்றினாராம். (நம்ம ஊர் பத்திர மோசடிக்காரர்கள் டீத்தூள் டிகாக்‌ஷன் என்பார்கள். ஜெர்மன்காரர் என்ன டீ என்று தெரியவில்லை.) ஜெர்மன் அரசு ஆவணக் காப்பகம் பரிசோதனைக்கு ஏற்பாடு செய்தது. காகிதத்தில் இருந்த வெளுப்பு ரசாயனம் யுத்தம் முடிந்து பல வருஷம் கழித்தே புழக்கத்துக்கு வந்தது. முடிந்தது கதை.

பாகிஸ்தானில் 2017-ல் எழுத்துரு ஒன்று மாட்டிக்கொண்டது. நவாஸ் ஷெரீஃப் குடும்பத்தின் லண்டன் வீடுகள் பற்றிய வழக்கில், 2006 பிப்ரவரி தேதி போட்ட ஒரு டிரஸ்ட் பத்திரம். அடித்திருந்தது கலிப்ரி என்கிற எழுத்துருவில். அது பொது விற்பனைக்கு வந்ததே 2007-ல். இதைச் சொல்ல லண்டனிலிருந்து ஒரு நிபுணரைப் பிடித்தார்கள். சோதனைப் பதிப்பு முன்னாலேயே சிலர் கையில் இருந்தது என்று மறுபக்கம் வாதம் வந்தது. 2018-ல் மகள் மரியத்துக்குத் தண்டனை, 2022-ல் மேல் கோர்ட்டில் விடுதலை. யார் சொன்னது சரி என்பதை அந்த ஊர்க்காரர்கள் பேசிக்கொள்ளட்டும். நான் பார்ப்பது ஒன்றைத்தான். பிரதமர் வீட்டுப் பத்திரம் என்றால் எழுத்துருவின் பிறந்த தேதி வரைக்கும் தேடுகிறார்கள்.

அமெரிக்காவில் இன்னும் நேர்த்தி. அங்கே கம்பெனித் தலைவர்களுக்கு, இன்றைய விலையிலேயே பின்னொரு நாளில் பங்கு வாங்கிக்கொள்ளும் உரிமையைக் கொடுப்பார்கள். விலை எந்த நாளில் மிகக் குறைவாக இருந்ததோ, அந்த நாளில் கொடுத்ததாகப் பழைய தேதி போட்டுக்கொண்டால்? உட்கார்ந்த இடத்தில் கோடிகள். ஐயோவா பல்கலைக்கழகத்தின் எரிக் லீ என்ற பேராசிரியர் 2005-ல் எழுதிய ஆய்வில் தேதிகளையும் விலைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். உரிமை கொடுத்த தேதிக்கு முன்னால் விலை இறங்குகிறது, கொடுத்த மறுநாளிலிருந்து ஏறுகிறது. திரும்பத் திரும்ப. ஒரு மனிதனுக்கு அதிர்ஷ்டம் வரலாம், இப்படி வரிசையாக வராது. அடுத்த வருஷம் 'வால் ஸ்ட்ரீட் ஜர்னல்' அதைத் தோண்டியது, 2007-ல் புலிட்சர் பரிசு. பேனா, மை, காகிதம் எதையும் தொடாமல், விலைப் பட்டியலிலேயே எச்சத்தைப் பார்த்துவிட்டார்கள்.

ஆக, விஞ்ஞானம் இருக்கிறது. பையன் புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

இனிமேல்தான் எனக்குக் கோபம் வருகிறது.

எங்கள் தெரு முனையில் ஒரு டெய்லர் அண்ணன். 30 வருஷமாக அதே கடை. 2016-ல் ஓவர்லாக் மெஷின் வாங்க, வட்டிக்கு விடும் ஒருவரிடம் 40,000 ரூபாய் வாங்கினார். ஈடு என்ன? ரெவின்யூ ஸ்டாம்ப் மேல் கையெழுத்துப் போட்ட புரோநோட்டு ஒன்று, கையெழுத்துப் போட்ட செக் இரண்டு. தொகை எழுதவில்லை, பெயர் எழுதவில்லை, தேதி எழுதவில்லை. "எல்லாருக்கும் இப்படித்தான் அண்ணே, நம்பிக்கைதானே" என்றார்களாம்.

2018-க்குள் வட்டியும் முதலுமாக அடைத்துவிட்டார். காகிதங்களைக் கேட்டார். "பீரோ சாவி வீட்டம்மாகிட்ட இருக்கு, நாளைக்கு வந்து வாங்கிக்க." அந்த நாளை வரவே இல்லை. இவரும் இரண்டு தடவை நடந்துவிட்டுத் துணி வெட்டுகிற வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

2023-ல் வக்கீல் நோட்டீஸ் வந்தது. 2022-ல் குடும்பச் செலவுக்காக 3 லட்சம் கடன் வாங்கியதாகவும், அதற்குக் கொடுத்த செக் பணமில்லாமல் திரும்பியதாகவும். 2016-ல் போட்ட கையெழுத்துக்கு 2022 வயசு.

என்னிடம் வந்தார். பேப்பரில் எழுதுகிறவனுக்கு எல்லாம் தெரியும் என்று நம்புகிற அப்பாவிகள் இன்னும் இருக்கிறார்கள். "தம்பி, மையை டெஸ்ட் பண்ணிப் பார்க்கச் சொல்லலாம்ல? ஆறு வருஷத்து மைக்கும் புது மைக்கும் வித்தியாசம் தெரியாதா? பழைய பேன்ட் இடுப்பைப் பிரிச்சு விட்டா உள்ளே மடிச்சிருந்த துணி கறுப்பா, புதுசாத் தெரியும். வெளியே இருந்தது வெளுத்திருக்கும். எவ்வளவு அயர்ன் பண்ணாலும் மறையாது. துணிக்கே தெரியுதே, மைக்குத் தெரியாதா?"

எரிக் லீ சொன்னதையும் எஸ்டா மெஷின் செய்ததையும் அவர் ஒரு பேன்ட்டை வைத்துச் சொல்லிவிட்டார்.

நான் ஒரு வக்கீல் நண்பரிடம் கூட்டிப்போனேன். அங்கேதான் இந்த நாட்டின் லட்சணம் முழுசாகப் புரிந்தது.

முதல் விஷயம். 1881-ம் வருஷத்து மாற்றுமுறை ஆவணச் சட்டம், 118-வது பிரிவு. ஒரு செக்கிலோ புரோநோட்டிலோ ஒரு தேதி இருந்தால், அந்தத் தேதியில்தான் அது எழுதப்பட்டது என்று கோர்ட் எடுத்துக்கொள்ள வேண்டும். இல்லை என்கிறவன் நிரூபிக்க வேண்டும். (இதை நான் காலேஜில் படித்துப் பரீட்சை எழுதி மார்க்கும் வாங்கியிருக்கிறேன். அப்போது அது ஐந்து மார்க் கேள்வி. யாரோ ஒருவரின் வீடு என்று தெரியாது.)

சரி, நிரூபிக்கலாம். எப்படி? மையின் வயதைப் பார்க்கச் சொல்லி மனுப் போடலாம். இப்படி எத்தனையோ பேர் போட்டிருக்கிறார்கள். மையின் வயதைச் சொல்லும் வசதியோ நிபுணரோ இங்கே இல்லை என்று பல வழக்குகளில் சென்னை உயர் நீதிமன்றம் வரை போய்த் திரும்பியிருக்கிறது. ஒரு வழக்கில் மும்பை பாபா அணு ஆராய்ச்சி மையத்தின் பெயர்கூட வந்தது. அது அணு ஆராய்ச்சிக்கான இடம், கோர்ட் காகிதம் அனுப்புகிற இடமல்ல என்று அதுவும் முடிந்தது.

இன்னொரு வழி, இரண்டு மை என்று காட்டுவது. கையெழுத்து ஒரு பேனா, தேதி ஒரு பேனா. இதை அகச்சிவப்பு வெளிச்சத்தில் நம் தடயவியல் துறையே பார்த்துச் சொல்லிவிடும். ஆனால் சொல்லி என்ன? கையெழுத்துப் போட்டு வெற்றாகக் கொடுத்தாலும், அதைப் பூர்த்தி செய்துகொள்ளும் உரிமையை நீயே கொடுத்ததாக அர்த்தம், கடன் இல்லை என்று நீதான் காட்ட வேண்டும் என்று 2019-ல் பீர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2022-ல் இன்னொரு தீர்ப்பு, வேறு ஆள் பூர்த்தி செய்தார் என்று கையெழுத்து நிபுணர் சொன்னாலும் அது முக்கியமில்லை என்று.

அதாவது தேதியை நம்பு என்கிறது சட்டம். நம்பாவிட்டால் நிரூபி என்கிறது. நிரூபிக்க லேப் கேட்டால் இல்லை என்கிறது அரசாங்கம். இருக்கிற லேப் சொல்வதும் வேண்டாம் என்கிறது கோர்ட். நாலு பக்கமும் சுவர். நடுவில் ஒரு டெய்லர்.

வட்டிக்காரர்களுக்கு இந்த நாலு சுவரும் மனப்பாடம். புரோநோட்டுக்கு 3 வருஷக் கெடு என்று சட்டம் சொல்கிறதா, தேதியே எழுதாமல் வாங்கு. தேதி எழுதியாகிவிட்டதா, 3 வருஷம் முடிகிற வாரத்தில் பின்பக்கம் 'ரூ.100 வரவு' என்று எழுதிக் கையெழுத்து வாங்கு, இன்னும் 3 வருஷம் உயிர் வரும். செக்கின் ஆயுள் 3 மாதமா, தேதி போட்டால்தானே ஆயுள் தொடங்கும்? டைம் மெஷின் வேண்டுமென்றால் சினிமாவுக்குப் போக வேண்டாம். பஜாரில் எந்த ஃபைனான்ஸ் கம்பெனி பீரோவைத் திறந்தாலும் உள்ளே இருக்கும்.

"தெரிஞ்சேதானே வெத்துக் காகிதத்துல கையெழுத்துப் போட்டாரு, அவரு தப்பு இல்லையா?" என்று கேட்கிற நியாயவான்கள் எப்போதும் உண்டு. ஐயா, ஒரு கேள்வி. நீங்கள் வீட்டுக் கடன் வாங்கியபோது எத்தனை இடத்தில் கையெழுத்துப் போட்டீர்கள்? எத்தனை இடம் காலியாக இருந்தது? "சும்மா ஃபார்மாலிட்டி சார்" என்றார்களே, படித்தீர்களா? படித்த உங்களுக்கே அந்த இடத்தில் வாய் வரவில்லை. அவசரத்துக்குக் கை நீட்டுகிறவன், தேதி போட்டாத்தான் கையெழுத்துப் போடுவேன் என்று சொன்னால் பணம் கிடைக்குமா?

மையின் வயதைத் துல்லியமாகச் சொல்லும் விஞ்ஞானம் உலகத்திலேயே கிடையாது என்பார்கள். நாள் கணக்கில் கிடையாது, ஒப்புக்கொள்கிறேன். பால்பாயின்ட் மையில் உள்ள கரைப்பான் மெதுவாக ஆவியாகிப் போகிறது. எவ்வளவு மிச்சம் என்று அளக்கலாம். முதல் இரண்டு வருஷத்துக்குள் வித்தியாசம் தெரியும், அதற்கப்புறம் குழப்பம். காகிதம் வெயிலில் இருந்ததா, பீரோவில் இருந்ததா என்பதைப் பொறுத்தும் மாறும். சரி. ஆனால் போன வருஷம் நிரப்பியதா, பத்து வருஷத்துக்கு முன்னால் நிரப்பியதா என்ற கேள்விக்காவது ஒரு வெளிச்சம் கிடைக்குமே. அமெரிக்காவில் சீக்ரெட் சர்வீஸ் 1920-கள் முதல் வந்த மைகளின் மாதிரிகளை ஆயிரக்கணக்கில் சேர்த்து நூலகம் வைத்திருக்கிறது. 2010-ல் வந்த மையால் 2005 தேதி போட்டிருந்தால் அங்கே பிடித்துவிடலாம்.

இந்தியாவின் முதல் ரசாயனப் பரிசோதகர் ஆய்வகம் எங்கே தொடங்கியது தெரியுமா? 1849-ல், இதே சென்னையில். விஷம் கொடுத்துக் கொன்றவனைப் பிடிக்க வெள்ளைக்காரன் ஆரம்பித்தது. 170 வருஷத்துக்கு மேல் ஆகிறது. ஒரு பால்பாயின்ட் பேனாவின் வயதைப் பார்க்க ஒரு நிபுணரை உட்கார வைக்க நமக்கு மனசு வரவில்லை. செக் வழக்குகள் நாடு முழுக்க லட்சக்கணக்கில் குவிந்து கிடக்கின்றன என்று நீதிபதிகளே அலுத்துக்கொள்கிறார்கள். அதில் எத்தனை வெற்றுச் செக் என்று பார்க்க ஒரு கருவி வாங்கினால் என்ன குடியா முழுகிவிடும்?

லேப் வேண்டாம் என்றால் போகட்டும். தொகையைப் போலவே தேதியையும் கடன் வாங்குகிறவரே தன் கையால், எழுத்தால் எழுதியிருந்தால்தான் அந்த 118-வது பிரிவின் சலுகை கிடைக்கும் என்று ஒரு வரி சேர்க்கலாமே. ஒரு பைசா செலவில்லை. கம்பெனிகளுக்கு மட்டும் 2023 ஏப்ரல் 1 முதல் கணக்கு சாஃப்ட்வேரில் யார், எப்போது, எதை மாற்றினார்கள் என்ற தடம் அழியாமல் இருக்க வேண்டும் என்று விதி கொண்டுவந்தார்கள். எங்கள் வாத்தியார் போடச் சொன்ன கோடுதான் அது. கம்ப்யூட்டருக்கு வந்துவிட்டது. பங்குதாரர்களின் பணத்துக்குத் தடம் வேண்டும். டெய்லரின் பணத்துக்கு?

அண்ணன் வழக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். வக்கீல் நண்பர் பாஸ்புக்கைக் கேட்டார். நல்லவேளை, அண்ணன் பழைய பாஸ்புக்கைத் தூக்கிப் போடவில்லை. அந்தச் செக் புத்தகத்தின் மற்ற செக்குகள் எல்லாம் 2016-லேயே வங்கிக்குப் போய்விட்டன. நடுவில் இரண்டு நம்பர் மட்டும் ஆறு வருஷம் காணாமல் போய், ஒன்று மட்டும் 2022-ல் முளைத்திருக்கிறது. "இது போதும், ஜெயிச்சிரலாம். ஆனா நாலு வருஷம் ஆகலாம், அப்பீல் போனா இன்னும் இழுக்கும். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீங்க வந்து நிக்கணும்" என்றார் நண்பர். அண்ணன் கடையைப் பூட்டிவிட்டு நாலு வருஷம் கோர்ட் வராந்தாவில் நிற்க முடியாது. ஒன்றரை லட்சத்துக்குப் பேசி முடித்தார்கள். ஓவர்லாக் மெஷினை விற்றார். அதற்காக வாங்கிய கடனுக்காக அதையே விற்றார். அந்த இன்னொரு செக் இன்னும் அந்த பீரோவில்தான் இருக்கிறது. திருப்பித் தரச் சொல்லி எழுதி வாங்கினோம். "தேடிட்டு இருக்கோம்" என்கிறார்கள்.

போன வாரம் ஒரு சட்டைத் துணி கொடுக்கப் போனேன். அண்ணன் இப்போது எதில் கையெழுத்துப் போட்டாலும் கீழே தேதி, நேரம் இரண்டையும் எழுதுகிறார். பால்காரர் நோட்டில்கூட. எனக்கும் ரசீது எழுதிக் கொடுத்தார். டெலிவரி 14-ம் தேதி என்று. 14-ம் தேதி போனால் தைக்கவில்லை. "குடுங்க பார்ப்போம்" என்று ரசீதை வாங்கினார், 4-ஐ 8 ஆக்கித் திருப்பிக் கொடுத்தார்.

வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பிடித்தேன்.

"அண்ணே, நாலு தெரியுதே."

"தெரியட்டும் தம்பி" என்றவர் ரசீதை மறுபடி பிடுங்கி, அந்த எண் மேல் ஒரு கோடு போட்டு, பக்கத்தில் 18 என்று எழுதி, கையெழுத்தும் போட்டுத் தந்தார்.